யாரு சொன்னது, யாருக்கு சொன்னது?

வாசகர் கேள்வி பதில்

போன தடவ பழங்குடி மக்களோட வாய்வழி கதைகள் ஆயிரக்கணக்கான வருஷமா பெருசா மாறாம வந்திருக்குன்னு ரெண்டே வரில ஒரு பதில் எழுதிட்டு போயிட்டேன், அதுக்கு இவ்ளோ கேள்வி வரும்னு சத்தியமா நினைக்கல. சில பேர் திட்டியும் எழுதிருக்கீங்க, அதுவும் சந்தோஷம்தான். அதனால இந்த தடவ மத்த கேள்விய எல்லாம் ஓரமா வச்சிட்டு முழுக்க இதேதான். ஒரே மாதிரி வந்த கேள்விகள ஒண்ணா சேத்துட்டேன், பேரு போட வேணாம்னு நிறைய பேர் சொன்னதால யாரு பேரும் போடல.

கேள்வி: அக்கா, ஒரு கதைய பத்து பேர் காதுல மாத்தி மாத்தி சொன்னாலே கடைசி ஆள்கிட்ட போறப்ப வேற கதையா இருக்கு. அப்புறம் எப்படி ஆயிரக்கணக்கான வருஷமா மாறாம வந்துச்சுன்னு நம்பறது? எனக்கு ஒத்துக்கவே முடியல.

பதில்: நியாயமான சந்தேகம். ஆனா அந்த பத்து பேர் விளையாட்ட கொஞ்சம் யோசிச்சு பாருங்க, கதை கெட்டு போகணும்னே அதுல ரூல் போட்டு வச்சிருக்கோம். ஒரே தடவதான் சொல்லணும், குசுகுசுன்னு சொல்லணும், திருப்பி கேக்க கூடாது, பக்கத்துல இருக்கறவங்க திருத்த கூடாது. நிஜமா கதைய நம்பி வாழ்ந்த சமூகங்கள்ல எல்லாமே இதுக்கு நேர் எதிர், ஒரே கதைய சின்ன வயசுலேந்து நூறு தடவ கேப்பாங்க, எல்லார் முன்னாடியும் சத்தமா சொல்வாங்க, ஒரு இடம் தப்பினா அங்கயே ஒருத்தர் குறுக்க வந்து "அப்படி இல்ல"ம்பாரு.

ஆஸ்திரேலிய பூர்வகுடிகள்ல பல சமூகங்கள்ல இதுக்கு ஒரு ஏற்பாடே இருக்கு, எனக்கு ரொம்ப பிடிச்ச விஷயம் இது. அப்பா பிள்ளைக்கு தன்னோட மண்ணோட கதைய சொல்லி தருவாரு. அந்த பிள்ளை அத சரியா கத்துக்கிச்சா, சரியா சொல்லுதான்னு பாக்கற பொறுப்பு யாருக்குன்னா, அந்த பிள்ளையோட அக்கா தங்கச்சி பெத்த மருமக்களுக்கு! அதாவது சொல்றது ஒரு வழி, சரிபாக்கறது இன்னொரு வழி, அதுவும் அடுத்த தலைமுறை கையில. மாமா தப்பா சொன்னா மருமகன் கேள்வி கேப்பான், அவன் கேக்கலாம், கேக்கணும், அது மரியாதை குறைவு இல்ல, அவன் வேலையே அதுதான். இப்படி மூணு தலைமுறை ஒரே நேரத்துல ஒரு கதைய பிடிச்சுக்கிட்டு நிக்கிறப்ப அது அவ்ளோ லேசுல நழுவாது.

இது தவிர கதைய இடத்தோட கட்டி வச்சிருப்பாங்க. இந்த பாறை, அந்த நீர்க்குழி, அடுத்து அந்த மலை முகடுன்னு நடந்து போற பாதையே கதையோட வரிசை, ஒரு இடத்த விட்டுட்டு அடுத்ததுக்கு தாவ முடியாது, தாவினா வழி தப்பிரும். இத பாட்டாவும் வச்சிருப்பாங்க, பாட்டுல ஒரு சொல் மாறினாலே காதுல உறுத்தும் இல்லையா, அதான்.

சரி ஆதாரம் வேணும்னு கேப்பீங்க. ஆஸ்திரேலிய கடற்கரைய சுத்தி 21 இடத்துல, முன்ன இது நிலமா இருந்துச்சு, அப்புறம் கடல் வந்து முழுங்கிருச்சுன்னு பூர்வகுடிகள் சொல்ற கதைகள பேட்ரிக் நன்னும் நிக்கலஸ் ரீடும் தொகுத்து 2016ல ஒரு கட்டுரை போட்டாங்க. ஒருத்தர் புவியியல்காரர், இன்னொருத்தர் மொழியியல்காரர். மெல்போர்ன் பக்கம் இருக்கற போர்ட் பிலிப் விரிகுடா ஒரு காலத்துல கங்காரு வேட்டையாடின சமவெளின்னு அங்க ஒரு கதை. பனியுகம் முடிஞ்சு கடல் ஏறி ஏறி வந்து நின்னது சுமார் 7000 வருஷத்துக்கு முன்னாடி, அப்ப அந்த நினைவும் குறைஞ்சது அவ்ளோ பழசுங்கறது அவங்க வாதம்.

அமெரிக்காவுல ஒரேகான்ல கிரேட்டர் ஏரின்னு ஒண்ணு இருக்கு, 594 மீட்டர் ஆழம். அங்க இருக்கற க்ளாமத் மக்கள் கதைல, பாதாளத்து ஆவி லாவோவும் மேலுலகத்து ஆவி ஸ்கெல்லும் நெருப்பும் பாறையும் வீசி சண்ட போட்டாங்க, லாவோ தோத்ததும் அவன் நின்ன மலையே உள்ள விழுந்துருச்சு, அந்த பள்ளத்துல தண்ணி நிறைஞ்சதுன்னு வரும். அந்த இடத்துல இருந்த மசாமா எரிமலை வெடிச்சு உச்சி உள்ளயே சரிஞ்சு விழுந்தது சுமார் 7700 வருஷத்துக்கு முன்னாடின்னு விஞ்ஞானிங்க சொல்றாங்க. ஏரிய பாத்துட்டு யாரோ பின்னாடி கட்டின கதையா இருக்க கூடாதான்னு கேப்பீங்க, கேக்கறவங்க இருக்காங்க, தப்பில்ல. ஆனா 1938ல அதே மாநிலத்துல ஃபோர்ட் ராக் குகைல, இந்த எரிமலை சாம்பலுக்கு அடியில புதர் பட்டைல பின்னின செருப்பு டஜன் கணக்குல கிடைச்சுது. அப்ப மலை வெடிக்கறதுக்கு முன்னாடியே அங்க ஆளுங்க நடமாடிருக்காங்க, வெடிச்சப்ப பாத்துட்டு ஓடறதுக்கு மனுஷங்க இருந்துருக்காங்கங்கறது வரைக்கும் உறுதி. எனக்கு அந்த செருப்பு போதும். உங்களுக்கு போதலைன்னா நான் வற்புறுத்தல.

கேள்வி: கதை சோறு போடுமா? அனுபவத்துல இதனால யாருக்காவது ஒரு பலன் உண்டா, சும்மா பெருமை பேசாம சொல்லுங்க.

பதில்: உயிர காப்பாத்திருக்கு, அது பலன்னு எடுத்துப்பீங்களா?

இந்தோனேசியால சுமத்ராவுக்கு மேற்க சிமலூன்னு ஒரு தீவு. 1907ல அங்க ஒரு பெரிய சுனாமி வந்து நிறைய பேர் செத்து போனாங்க. பொழைச்சவங்க அதுக்கு வச்ச பேரு "ஸ்மோங்". அப்புறம் தாத்தா பாட்டிங்க பேரன் பேத்திக்கு சொன்னது பெரிய காவியம் எல்லாம் இல்ல, பூமி பலமா ஆடுச்சுன்னா, கடல் தண்ணி உள்ள போச்சுன்னா, எதையும் எடுக்காத, மேட்டுக்கு ஓடு, ஏன்னா ஸ்மோங் வரும், அவ்ளோதான். இத தாலாட்டுல சேத்தாங்க, பாட்டுல சேத்தாங்க, ராத்திரி பேச்சுல சேத்தாங்க.

2004 டிசம்பர் 26, அந்த நிலநடுக்கம் தொடங்கின இடத்துக்கு ரொம்ப கிட்ட இருந்த தீவு இதுதான். தீவோட சில பகுதிக்கு அலை வர பத்து நிமிஷம் கூட ஆகல, எந்த அரசாங்க எச்சரிக்கையும் அந்த நேரத்துக்குள்ள வந்துருக்க முடியாது, அப்படி ஒரு ஏற்பாடே அப்ப அந்த கடலுக்கு கிடையாது. தீவுல சுமார் 78,000 பேர். செத்தது ஏழு பேர்னு கணக்கு. பக்கத்துல ஆச்சே மாகாணத்துல ஒன்றரை லட்சத்துக்கு மேல. கடல் உள்ள போனப்ப துள்ளின மீன பொறுக்க ஓடின ஜனங்க இருந்தாங்க அங்க, ஏன்னா அவங்களுக்கு யாரும் சொல்லல. இங்க "ஸ்மோங் ஸ்மோங்"னு ஒருத்தர் கத்தினா போதும், கேள்வியே இல்ல, எல்லாரும் மலைக்கு ஓடிட்டாங்க.

நான் இத படிச்சப்ப என் மனசுல நின்னது வேற ஒண்ணு. 1907லேந்து 2004க்கு 97 வருஷம். அந்த 97 வருஷமும் அந்த கதைய சொன்ன பெரும்பாலான பேருக்கு அது ஒரு தடவ கூட உபயோகப்படல! "இந்த கிழவிக்கு வேற வேலை இல்ல"ன்னு எத்தனை பிள்ளைங்க சலிச்சுக்கிட்டு இருக்கும். ஆனாலும் சொன்னாங்க. சோறு போடுமான்னு கேட்டு கணக்கு பாத்திருந்தா நடுவுல எங்கயாச்சும் ஒரு தலைமுறை நிறுத்திருக்கும்.

கேள்வி: ஆதிவாசி, பழங்குடி, பூர்வகுடி, எது சரியான சொல்?

பதில்: பொதுவா பேசறப்ப பழங்குடி, பூர்வகுடி ரெண்டும் புழக்கத்துல இருக்கு, நானும் மாத்தி மாத்திதான் எழுதறேன். ஆனா ஒரு குறிப்பிட்ட மக்கள பத்தி பேசறப்ப அவங்க தங்கள என்ன சொல்லிக்கறாங்களோ அத சொல்லுங்க. வட துருவத்து மக்கள ரொம்ப காலம் எஸ்கிமோன்னு சொல்லிட்டு இருந்தோம், அது மத்தவங்க வச்ச பேரு. அவங்கள்ல பல பேர் தங்கள சொல்லிக்கறது இன்யூட், அவங்க மொழில "மக்கள்"னு அர்த்தம், அவ்ளோதான் விஷயம்.

கேள்வி: "நம்ம முன்னோர்களுக்கு எல்லாமே தெரியும், விஞ்ஞானம் இப்பதான் கண்டுபிடிக்குது"ன்னு தினமும் பத்து மெசேஜ் வருது. நீங்களும் அந்த கட்சியா?

பதில்: இல்லீங்க, அந்த மெசேஜ பாத்தா எனக்கு எரிச்சல்தான் வரும். அதுக்கும் இதுக்கும் என்ன வித்தியாசம்னா, ஃபார்வர்ட் மெசேஜ்ல யாரு சொன்னான்னு இருக்காது. நிஜமான வாய்வழி அறிவுல முதல் வரியே அதுதான், இத எனக்கு என் பாட்டி சொன்னா, அவளுக்கு அவ அப்பா சொன்னாரு, அவரு இந்த இடத்துல நின்னு கண்ணால பாத்தாரு. சங்கிலி தெரியும். சங்கிலி தெரிஞ்சா எங்க நம்பறது எங்க சந்தேகப்படறதுன்னு கேக்கறவனுக்கும் தெரியும்.

ஒரு கதை சொல்றேன், இது நடந்த கதை. 1845ல ஜான் ஃபிராங்க்ளின்னு ஒரு பிரிட்டிஷ் கேப்டன் ரெண்டு கப்பல், எரிபஸ், டெரர்னு பேரு, அதோட வட துருவ பக்கம் போனாரு. அவரையும் சேத்து கடைசி வரைக்கும் போன 129 பேர்ல ஒருத்தரும் திரும்பல. 1854ல ஜான் ரேங்கற டாக்டர் அந்த பக்கம் போய் இன்யூட் மக்கள்கிட்ட பேசி, அவங்க சொன்னத கேட்டு எழுதிட்டு வந்தாரு, பட்டினில செத்தாங்க, கடைசில செத்தவங்க உடம்ப சாப்பிடற நிலைக்கு போயிட்டாங்கன்னு. லண்டன்ல கொதிச்சு போயிட்டாங்க. எழுத்தாளர் சார்லஸ் டிக்கன்ஸ் தன்னோட பத்திரிகைலயே, நாகரிகம் இல்லாத அந்த ஜனங்க பேச்ச நம்பவே முடியாது, அவங்களே கொன்னுருப்பாங்கங்கற மாதிரி எழுதினாரு. மத்த துருவ பயணிங்களுக்கு கிடைச்ச சர் பட்டம் ரேக்கு கடைசி வரைக்கும் கிடைக்கல.

அப்புறம் 1990கள்ல அங்க கிடைச்ச எலும்புகள ஆராய்ஞ்சப்ப கத்தி போட்ட தடம் இருந்துச்சு. இன்யூட் பெரியவங்க ஒரு கப்பல் இந்த பக்கம்தான் முழுகிச்சுன்னு தலைமுறை தலைமுறையா சொல்லிட்டு இருந்த பகுதில 2014ல எரிபஸ் கிடைச்சுது. ரெண்டு வருஷம் கழிச்சு ஒரு இன்யூட் வேட்டைக்காரர், நான் பனிக்கு மேல ஒரு கப்பல் கம்பம் நீட்டிட்டு இருந்தத பாத்திருக்கேன்னு சொன்ன இடத்துக்கு போனாங்க, டெரர் அங்க இருந்துச்சு. 160 வருஷத்துக்கு மேல இவங்க தேடினதுக்கு, கேட்டிருந்தா போதும்.

இதனால இன்யூட் சொன்ன ஒவ்வொண்ணும் அப்படியே நிஜம்னு சொல்ல வரல. அவங்க சொன்ன சாட்சியங்கள்ல ஒண்ணுக்கொண்ணு ஒத்து போகாததும் இருக்கு, இடம் மாறி வருது, எந்த கப்பல்னு குழப்பம் வருது, சாட்சி சொல்றதுன்னா எங்கயும் அப்படித்தான். ஒப்பிட்டு பாக்கணும், திருப்பி கேக்கணும். அத ஒரு கோர்ட் சாட்சிக்கு செய்யறோம்ல, அதே மரியாதைய குடுங்கன்னுதான் சொல்றேன், கூடவும் வேணாம் குறையவும் வேணாம்.

கோர்ட்னு சொன்னதும் ஞாபகம் வருது. கனடாவுல கிட்ஸான், வெட்சுவெட்டன்னு ரெண்டு மக்கள் எங்க நிலம் எங்களுதுன்னு வழக்கு போட்டாங்க, அவங்ககிட்ட பத்திரம் கிடையாது, பரம்பரையா வந்த கதையும் பாட்டும்தான் பத்திரம். 1987ல விசாரணை ஆரம்பிச்சு மூணு வருஷம் ஓடுச்சு, ஒரு மூத்த அம்மா கோர்ட்ல பாட வந்தப்ப நீதிபதி எனக்கு பாட்டு கேக்கற காது கிடையாது, பாடி என்ன ஆக போகுதுங்கற மாதிரி சொன்னாரு. 1991ல வந்த தீர்ப்புல அந்த கதைகளுக்கு பெருசா மதிப்பே குடுக்கல. 1997 டிசம்பர்ல கனடா சுப்ரீம் கோர்ட் அந்த தீர்ப்ப ரத்து பண்ணி, வாய்வழி வரலாற எழுத்து ஆவணத்துக்கு சமமா வச்சு பாக்கணும், வழக்க திரும்ப விசாரிங்கன்னு சொல்லிச்சு. டெல்காமூக் வழக்குன்னு பேரு, இந்த விஷயத்துல ஆர்வம் இருக்கறவங்க தேடி படிங்க.

கேள்வி: மேடம், நாங்க ஒரு சின்ன பழங்குடி சமூகம். கதை தெரிஞ்ச பெரியவங்க மூணு பேர்தான் இருக்காங்க. நான் போன்ல ரெக்கார்ட் பண்ண ஆரம்பிச்சிருக்கேன். எல்லாத்தையும் யூடியூப்ல போட்டா அழியாதுன்னு ஃப்ரெண்ட்ஸ் சொல்றாங்க. போடலாமா?

பதில்: தம்பி, ரெக்கார்ட் பண்ணுங்க, இன்னைக்கே பண்ணுங்க, நாளைக்குன்னு தள்ளாதீங்க. யூடியூப் மட்டும் கொஞ்சம் நில்லுங்க.

முதல்ல ரெக்கார்டிங்கோட அருமை. 1890ல அமெரிக்காவுல ஜெஸ்ஸி ஃபியூக்ஸ்னு ஒரு ஆராய்ச்சியாளர் பாசமகுவாடி மக்களோட பாட்டையும் கதையையும் மெழுகு உருளைல பதிவு பண்ணினாரு, ஒரு மக்கள் இருக்கற இடத்துக்கே கருவிய எடுத்துட்டு போய் பண்ணின முதல் பதிவுகள்ல அது ஒண்ணு. அப்புறம் அந்த உருளைங்க மியூசியத்துலயும் நூலகத்துலயும் தூங்கிச்சு, அந்த மக்களுக்கு அது இருக்கறதே ரொம்ப காலம் கைக்கு எட்டல, 1980கள்லதான் நகல் திரும்ப போச்சு. இப்ப நல்லா சுத்தம் பண்ணின ஒலிய கேட்டு கேட்டு, கரகரன்னு கேக்கற சத்தத்துக்குள்ளேந்து மொழிய பிரிச்சு எடுத்து, விட்டு போன பாட்ட திரும்ப பாடறாங்க. எதை வெளியாளுங்க கேக்கலாம், எதை கேக்க கூடாதுன்னு அந்த மக்களே முடிவு பண்றாங்க. பதிவு பண்ணினதாலதான் இது நடந்துச்சு. ஆனா நடுவுல போன தொண்ணூறு வருஷம், அந்த சத்தம் யாருக்கு சொந்தமோ அவங்ககிட்ட இல்ல. ரெண்டையும் சேத்து ஞாபகம் வச்சுக்கங்க.

இப்ப யூடியூப். எல்லா கதையும் எல்லாருக்கும் இல்ல. சில கதை பொம்பளைங்க மட்டும் கேக்கறது, சிலது ஒரு வயசு வந்தப்புறம், சிலது ஒரு குடும்பத்துக்கு மட்டும். அமெரிக்காவுல நவஹோங்கற பூர்வகுடி மக்கள்கிட்ட கொயோட்டி நரி கதைங்க குளிர்காலத்துல மட்டும்தான் சொல்லணும், பாம்பும் கரடியும் தூங்க போனப்புறம், முதல் இடி இடிக்கறதுக்குள்ள. யூடியூபுக்கு குளிர்காலம் ஏது? ஆஸ்திரேலியால பல சமூகங்கள்ல செத்தவங்க பேரையோ படத்தையோ குரலையோ துக்க காலத்துல கேக்க கூடாது, பாக்க கூடாது, அதனாலதான் அங்க டிவில நிகழ்ச்சிக்கு முன்னாடி ஒரு எச்சரிக்கை போடறாங்க. அங்க இருக்கற வருமுங்குங்கற பூர்வகுடி மக்களோட சேர்ந்து "முகுர்த்து"ன்னு ஒரு மென்பொருளே பண்ணிருக்காங்க, அந்த சொல்லுக்கு அவங்க மொழில பொருள பத்திரமா வைக்கற பைன்னு அர்த்தம். உள்ள போறவங்க யாரு, ஆணா பெண்ணா, எந்த குடும்பம், எந்த சடங்கு முடிச்சவங்கன்னு பாத்துட்டு அதுக்கு ஏத்த மாதிரிதான் படமோ குரலோ தெரியும். இத பாத்தப்ப கம்ப்யூட்டருக்கு மரியாதை சொல்லி குடுத்துருக்காங்கன்னு தோணுச்சு.

அதனால நீங்க பண்ண வேண்டியது, ஒவ்வொரு கதை முடிஞ்சதும் அந்த பெரியவர்கிட்டயே கேளுங்க, தாத்தா இத யாரு கேக்கலாம், எப்ப கேக்கலாம், உங்களுக்கு அப்புறம் இத சொல்ற உரிமை யாருக்கு. அந்த பதிலையும் ரெக்கார்ட் பண்ணுங்க, அவருக்கு யாரு சொன்னாங்கங்கறதையும். அவரு நடுவுல சும்மா இருந்தா நீங்க பேசாதீங்க, அந்த அமைதில அவரு எங்கயோ போயிருப்பாரு, வருவாரு. முடிஞ்சா ரூமுக்குள்ள உக்காந்து கேக்காம அந்த கதை நடந்த இடத்துக்கு கூட்டிட்டு போங்க, ரூம்ல மறந்தது அங்க தானா வரும். முக்கியமா ஒண்ணு, போன முன்னாடி வச்சு நீங்க மட்டும் உக்காராதீங்க, உங்க சமூகத்து சின்ன பிள்ளைங்க ரெண்ட பக்கத்துல உக்கார வைங்க. போனுக்கு சொல்ற கதையும் பேத்திக்கு சொல்ற கதையும் ஒண்ணு இல்ல, குரலே மாறும், நீங்களே கேட்டு பாருங்க. ஒரு நகல ஹார்ட் டிஸ்க்ல போட்டு சமூகத்துல நம்பிக்கையான ஒருத்தர்கிட்ட குடுத்து வைங்க, ஒரே போன்ல எல்லாத்தையும் வச்சிருந்து அது தண்ணில விழுந்துருச்சுன்னு அடுத்த மாசம் எனக்கு எழுதாதீங்க.

கேள்வி: எங்க வீட்ல பேரன் பேத்தி கதையே கேக்க மாட்டேங்குதுங்க, எப்ப பாரு போன். இப்படித்தான் எல்லா பண்பாடும் அழியுதோ?

பதில்: அம்மா, போன திட்டறதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லணும். உலகத்துல பல இடத்துல இந்த சங்கிலி தானா தேஞ்சு அறுந்து போகல, வெட்டிட்டாங்க. கனடாவுல பூர்வகுடி பிள்ளைங்க 1,50,000 பேருக்கு மேல பெத்தவங்ககிட்டேந்து பிரிச்சு விடுதி பள்ளிக்கூடத்துல போட்டாங்க, தாய்மொழி பேசினா அடி, கடைசி பள்ளிக்கூடம் மூடினது 1990கள்லதான். ஹவாய்ல 1896ல சட்டம் போட்டு பள்ளிக்கூடத்துல அவங்க மொழிய நிறுத்தினாங்க. நியூசிலாந்துல மாவோரி பேசினதுக்கு அடி வாங்கின பிள்ளைங்க வளந்து பெரியவங்களாகி, எம்புள்ள அடி வாங்க கூடாதுன்னு வீட்லயே அந்த மொழிய பேசறத விட்டுட்டாங்க. அது மறதி இல்ல, பாசம். அத நினைச்சாதான் எனக்கு ரொம்ப கஷ்டமா இருக்கு.

அப்ப என்ன ஆச்சு? தாத்தா பாட்டிக்கு மொழி தெரியும், குழந்தைங்க எத சொன்னாலும் கத்துக்கும், நடுவுல அப்பா அம்மா தலைமுறைதான் காலி. மாவோரி பெரியவங்க 1982ல ஒரு வேலை செஞ்சாங்க, நடு தலைமுறைய தாண்டி குதிச்சுட்டாங்க. "கோஹங்கா ரெயோ", மொழிக்கூடுன்னு அர்த்தம், பறவை கூடு மாதிரி. அஞ்சு வயசுக்குள்ள இருக்கற குழந்தைங்கள தாத்தா பாட்டிங்க இருக்கற ஒரு இடத்துல விட்டுடுவாங்க, அங்க நாள் முழுக்க மாவோரி மட்டும்தான், கதை, பாட்டு, சாப்பாடு, சண்டை எல்லாமே. பாடம் நடத்தல, கூட வாழ்ந்தாங்க. 1987ல மாவோரி ஆட்சிமொழி ஆச்சு. ஹவாய்க்காரங்க இத பாத்துட்டு 1984ல தங்களோட மொழிக்கூட ஆரம்பிச்சாங்க. இதுல ஒரு வேடிக்கை, குழந்தை வீட்டுக்கு வந்து மாவோரில பேசும், அம்மாவுக்கு புரியாது, அப்புறம் அந்த அம்மாவும் கத்துக்க போகும்.

எல்லா இடத்துலயும் இப்படி நல்லபடியா முடியல. அந்தமான்ல போ மொழி பேசின கடைசி ஆள் போவா சீனியர்ங்கற மூதாட்டி 2010 ஜனவரில இறந்து போனாங்க, 85 வயசு இருக்கும்னு சொன்னாங்க. அவங்க மொழில அவங்களோட பேச ரொம்ப வருஷமா யாருமே இல்ல, பறவைங்களோட பேசிட்டு இருந்தாங்கன்னு அவங்க மொழிய ஆராய்ஞ்ச அன்விதா அப்பி எழுதிருக்காங்க. அந்த மொழில எத்தனை கதை இருந்துச்சோ.

உங்க பேரன் விஷயத்துக்கு வரேன். கதை சொல்றேன் வான்னு கூப்பிடாதீங்க, எந்த பிள்ளையும் வராது. கையில வேலையோட சொல்லுங்க. கூடை பின்றவங்க பின்றப்ப சொன்னாங்க, வலை கட்டறவங்க கட்டறப்ப சொன்னாங்க, கதை சொல்ல மட்டும்னு நேரம் ஒதுக்கினது சடங்குலதான். ஏதாவது ஒரு வேலைக்கு அவன துணைக்கு வச்சுக்கிட்டு பாதி கதைய சொல்லிட்டு நிறுத்திடுங்க. மீதிய அவனே கேப்பான்.

கேள்வி: தன் இன ரகசிய அறிவ வெளியாளுக்கு சொல்லி குடுக்கறது துரோகமா? சொல்லாம செத்தா அது அழிஞ்சிருமே? இதுல யாரு எந்த உரிமைல லாபம் பாக்கறாங்க?

பதில்: ரெண்டு கேள்விய ஒண்ணா கட்டிட்டீங்க, பிரிச்சுக்கறேன்.

மௌ பியைலுக்னு ஒருத்தர், பசிபிக் கடல்ல சட்டவால்ங்கற குட்டி தீவுக்காரர். குழந்தையா இருக்கறப்பவே அவர தாத்தா கடல் குளத்துல போட்டு வைப்பாராம், அலை உடம்புல எப்படி படுதுன்னு பழகணும்னு. கல்ல வட்டமா அடுக்கி நட்சத்திரம் எங்க உதிக்கும் எங்க மறையும்னு கத்து குடுத்தாரு. அப்படி வளந்த ஆளு 1976ல ஹொக்குலேயாங்கற ரெட்டை படகுல, திசைகாட்டி கிடையாது, மேப் கிடையாது, ஹவாயிலேந்து தஹித்திக்கு 4000 கிலோமீட்டருக்கு மேல வழி காட்டிட்டு போய் சேந்தாரு. ஹவாய்க்காரங்களுக்கும் ஒரு காலத்துல இந்த வித்தை இருந்துச்சு, அவங்க அத எப்பவோ தொலைச்சுட்டாங்க. இவரு தன் ஊர் பிள்ளைங்க ஆர்வம் காட்டலைங்கறத பாத்துட்டு, வெளியாளுக்கு சொல்ல கூடாதுங்கற கட்டுப்பாட்ட மீறி ஹவாய்க்காரங்களுக்கு கத்து குடுத்தாரு. சொந்த ஊர்ல பேச்சு வாங்கினாரு. 1980ல அவரு மாணவர் நைனோவா தாம்சன் அதே பயணத்த தானே வழிகாட்டி முடிச்சாரு. 2007ல மௌ தன் தீவுல அம்பது வருஷத்துக்கு மேல நடக்காத வழிகாட்டி பட்ட சடங்க நடத்தினப்ப ஹவாய்க்காரங்க அஞ்சு பேரோட அவரு சொந்த மகனும் பட்டம் வாங்கினாரு! வெளிய போன வித்தை வீட்டுக்கும் திரும்பி வந்துச்சு. துரோகம்னு சொல்ல எனக்கு வாய் வரல, ஆனா கவனிங்க, அவரு முன்ன பின்ன தெரியாதவனுக்கு விக்கல, வருஷக்கணக்கா கூட உக்காந்தவனுக்கு குடுத்தாரு.

லாபம் வேற கதை. 1987ல அகத்தியர் மலைல விஞ்ஞானிங்க சில பேர் காணி இன வழிகாட்டிங்களோட நடந்தாங்க. இவங்க மூச்சு வாங்கறாங்க, அவங்க எதோ ஒரு காய கடிச்சுட்டு சாதாரணமா நடக்கறாங்க. என்னன்னு கேட்டா முதல்ல சொல்லல, அது வெளிய சொல்ற விஷயம் இல்ல. அப்புறம் காட்டினாங்க, ஆரோக்கியப்பச்சைங்கற செடி. அதுலேந்து ஜீவனின்னு மருந்து வந்துச்சு, கம்பெனிக்கு 10 லட்சம் ரூபாய்க்கும் விற்பனைல 2 சதவீதத்துக்கும் உரிமம் குடுத்து, வர்றதுல பாதி காணி மக்களுக்குன்னு முடிவாச்சு, 1997ல அதுக்கு ஒரு டிரஸ்ட்டும் வச்சாங்க. பழங்குடிக்கு பங்கு குடுத்த முன்மாதிரின்னு உலகம் முழுக்க பேசினாங்க. ஆனா காணி வைத்தியர்கள்ல சில பேரே எதிர்த்தாங்க, காட்டி குடுத்த ஓரிரு பேர் சம்மதம் எப்படி எல்லாரோட சம்மதம் ஆகும்னு. அந்த கேள்விக்கு இன்னும் யாரும் ஒழுங்கா பதில் சொல்லல. நம்ம காப்புரிமை சட்டம் ஒரு ஆள், ஒரு தேதி, ஒரு எழுத்து கேக்குது, ஒரு கூட்டமே நூறு தலைமுறையா சேத்த அறிவுக்கு அதுல கட்டம் கிடையாது. 2007ல ஐநா பூர்வகுடி உரிமை பிரகடனத்துல இவங்க அறிவு மேல இவங்களுக்கு உரிமை உண்டுன்னு போட்டாங்க, 144 நாடு ஆதரிச்சுது, எதிர்த்தது நாலே நாலு, அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து. எந்தெந்த நாடுன்னு பாத்தீங்கல்ல. அப்புறம் மனசு மாறி ஒத்துக்கிட்டாங்க, ஆனா பிரகடனம் சட்டம் இல்ல.

கேள்வி: இவ்ளோ பேசறீங்களே, அந்த கொயோட்டி நரி கதைல ஒண்ணு எங்களுக்கும் சொல்லுங்களேன்.

பதில்: வெளிய பாருங்க, வெயில் கொளுத்துது. பாம்பெல்லாம் முழிச்சுட்டு இருக்கு.